உள்ளே கேட்ட சிரிப்பு

“மிஸ் ஓனிடா, நீங்க அந்தக் கதவைத் தட்டினா என் வேலை போயிடும். பேசாம உக்காருங்க” என்றார் கோர்ட் காவலர் கிரேடி.

ஓனிடா உட்காரவில்லை. ஓங்கிய கையை இறக்காமல் கதவின் முன்னால் நின்றாள். உள்ளே கிராண்ட் ஜூரி கூடியிருந்தது. லான்ஸ் கான்வே மீது கொலைக் குற்றம் சாட்டலாமா, வேண்டாமா என்று ஊர்க்காரர்களே சேர்ந்து முடிவு செய்யும் நாள்.

“பெத்த மனசு, எனக்குப் புரியாமலா?” கிரேடி குரலைத் தாழ்த்தினார். “ஆனா உள்ள ஜட்ஜே போக முடியாது. நீங்களும் நானும் எம்மாத்திரம்?”

“அப்ப ஹோமர் மட்டும் எப்படி உள்ள இருக்கான்?”

கிரேடி தன் ஷூவைப் பார்த்துக்கொண்டார்.

போலீஸ்காரன் ஹோமர் சாட்சி சொல்ல உள்ளே போனவன். இன்னும் வெளியே வரவில்லை. அரசு வழக்கறிஞர் வந்துவிட்டார், சுருக்கெழுத்துப் பெண்ணும் தன் மெஷினைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். அவர்கள் இருவரும் வெளியே வந்தால், உள்ளே ஓட்டெடுக்கப் பேசுகிறார்கள் என்று அர்த்தம். அந்த நேரத்தில் ஜூரிகளைத் தவிர ஈ, காக்கா உள்ளே இருக்கக் கூடாது.

ஹோமரின் சிரிப்பு கதவைத் தாண்டிக் கேட்டது. கூடவே நாலைந்து பேர் சிரித்தார்கள்.

சாட்சி சொல்ல வரும்போதெல்லாம் ஹோமர் ஒரு பெட்டி டோனட் வாங்கி வருவான். ஜூரிகளில் பாதிப் பேர் அவன் சர்ச்சுக்காரர்கள். காபி ஆறும்வரை அவன் உட்கார்ந்து கதையளப்பதை அந்த ஊரில் யாரும் தப்பாக நினைத்ததில்லை.

அரசு வழக்கறிஞர் கேலப் விட்லாக் ஜன்னலோரம் போனைத் தடவிக்கொண்டிருந்தார். நகரத்திலிருந்து போன வாரம்தான் இங்கே வேலைக்கு வந்தவர். ஓனிடா நேராக அவரிடம் போனாள்.

“சார், ஹோமரை வெளிய கூப்பிடுங்க.”

“நீங்க யாரு?”

கிரேடி முந்திக்கொண்டார். “மிஸ் ஓனிடா, சார். இந்தக் கேஸ்ல... அந்த அம்மா.” குடும்பப் பெயரைச் சொல்லி அறிமுகம் செய்யும் வழக்கம் அந்த ஊரில் கிடையாது.

கேலப்பின் முகம் இறுகியது. “மேடம், நான் உங்ககூடப் பேசறது சரியில்ல. எதுவா இருந்தாலும் உங்க வக்கீல்கிட்டச் சொல்லுங்க.”

“எனக்கு ஏது வக்கீல்? உள்ள ஓட்டு நடக்கப் போகுது சார், அதைப் பாருங்க!”

“ஹோமர் கேஸைப் பத்தி ஒரு வார்த்தை பேச மாட்டார். டோனட்தான் சாப்பிட்டுட்டு இருக்கார்.”

“போன தடவையும் டோனட்தான் சாப்பிட்டான்.” அவள் கதவைக் கை காட்டினாள். “விசாரணை முடிஞ்சு, தண்டனையும் குடுத்து, உள்ள தள்ளினப்புறம் மேல்கோர்ட்டு என்ன சொல்லிச்சு? ஓட்டு நேரத்துல போலீஸ்காரன் உள்ள இருந்திருக்கான், குற்றச்சாட்டே செல்லாது, முதல்லேர்ந்து ஆரம்பிங்கன்னு சொல்லிச்சு. கான்வே வெளிய வந்து லாரி ஓட்டிட்டிருக்கான். மறுபடியும் அதையே பண்றீங்களே, வெக்கமா இல்ல?”

“அவனோட வக்கீல் வேணும்னா அப்புறமா ஆட்சேபிக்கட்டும்.”

“அப்புறம், அப்புறம்! உங்களுக்கு முன்னாடி இருந்தவரும் இதேதான் சொன்னார். இதே மாதிரி நீலத்துல டை கட்டிட்டு.”

சுருக்கெழுத்துப் பெண் சிரிப்பை அடக்க முடியாமல் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். கேலப்பின் காது சிவந்தது. ஏதோ சொல்ல வாயெடுத்தார். உள்ளே மறுபடி சிரிப்பு வெடித்தது. அவர் போனைப் பையில் போட்டுக்கொண்டு கதவைத் திறந்துகொண்டு போனார்.

சற்று நேரத்தில் ஹோமர் வந்தான். மீசையில் சர்க்கரை ஒட்டியிருந்தது. “பாதி ஜோக்குல எழுப்பி விட்டுட்டாரே மனுஷன்!” என்று கிரேடியிடம் சொன்னவன், ஓனிடாவைப் பார்த்ததும் நின்றான். தொப்பியைக் கழற்றினான். படியிறங்கிப் போனான்.

கேலப் கடுகடுவென்று வெளியே வந்தார்.

“பேச்சு ஆரம்பிச்சப்ப ஹோமர் உள்ள இருந்தாச்சு, இனி இவங்க ஓட்டு செல்லாது. கேஸை இந்த ஜூரிகிட்டேர்ந்து திரும்ப எடுத்துட்டேன். அடுத்த ஜூரி குளிர்காலம் முடிஞ்சுதான் கூடும். வேற ஆளுங்க, முதல்லேர்ந்து, சட்டப்படி. போதுமா?”

“குளிர்காலம் முடிஞ்சா?”

ஓனிடா அப்படியே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள். இன்னொரு குளிர்காலம். எத்தனை தடவை இதே பெஞ்சு, இதே சுவர், இதே ‘அடுத்த தடவை’. ஓங்கியிருந்த கை இப்போது மடியில் கிடந்தது.

“சரி” என்றாள் கடைசியில். “எவ்வளவு நாள் ஆனாலும் ஆகட்டும். ஒழுங்காப் பண்ணுங்க.”

கேலப் போகப் பார்த்தார். போகவில்லை. பெஞ்சின் மறுமுனையில் உட்கார்ந்தார். அவர் குரலில் இருந்த எரிச்சல் குறைந்திருந்தது.

“ஒண்ணு கேக்கறேன், தப்பா நினைக்காதீங்க. நீங்க வாயைத் திறக்காம இருந்திருந்தா, இந்தக் குற்றச்சாட்டும் ஒருநாள் செல்லாமப் போயிருக்கும். உங்க மகன் மறுபடியும் வெளிய வந்திருப்பான். பெத்தவங்க நீங்களே வந்து அதைக் கெடுத்துக்கிட்டீங்களே, ஏம்மா?”

கிரேடி சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஓனிடா கேலப்பையே பார்த்தாள்.

“வெளிய வந்தவன் என் மகன் இல்ல சார். என் மகனைக் கொன்னவன்.”