பந்து போன பக்கம்

“அவன வெளியில உக்கார வைப்பேன்னு சொன்னீங்களே மேடம்!”

மரிய சுகந்தி கயிற்றைத் தாண்டி வாலிபால் மைதானத்துக்குள்ளேயே வந்துவிட்டாள். புருவத்துக்கு மேல் தையல் போட்ட இடத்தை அவள் மறைக்கவில்லை. துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொள்ளச் சொன்ன அம்மாவிடம், “நானா தப்பு பண்ணேன்? பாக்குறவங்க பாக்கட்டும்” என்று சொல்லிவிட்டுத்தான் வில்லியனூருக்கு பஸ் ஏறியிருந்தாள்.

உடற்கல்வி ஆசிரியை தனக்கொடி வாயிலிருந்த விசிலை எடுத்தார்.

“சொன்னேன். இப்ப எறக்கச் சொல்லி ஆர்டர். எறக்கிட்டேன்.”

“யாரு போட்ட ஆர்டர்?”

பின்னால் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்த கல்லூரி முதல்வர் ஜெகநாதன் பதில் சொன்னார்.

“நான்தாம்மா. புருஷன் பொண்டாட்டிக்குள்ள ஆயிரம் இருக்கும். விசாரணைக் கமிட்டி போட்டிருக்கோம். ஃபைனல் முடியட்டும், கூப்பிட்டுக் கேக்குறோம்.”

“ஃபைனல் முடிஞ்சா இன்னா ஆகும்னு எனக்குத் தெரியும் சார். தோ, ஆள் எடுக்க வந்து உக்காந்திருக்காங்க. மாநில டீமுல சேத்துப்பாங்க. அப்புறம் கோட்டாவுல போலீஸ் வேல. நான் கம்ப்ளைண்ட் குடுத்த ஸ்டேஷன்லயே தொப்பி மாட்டிக்கினு உக்காருவான். அப்ப நான் யார்கிட்ட போறது?”

வலையோரம் தோளைச் சுழற்றிக்கொண்டிருந்தான் பெனடிக்ட். எம்.ஏ. இரண்டாம் வருஷம். போன வருஷம்தான் இரண்டு வீட்டையும் எதிர்த்துக்கொண்டு சுகந்தியைக் கட்டியவன்.

“வூட்டுல கத்துறது பத்தலன்னு இங்கயும் வந்துட்டா பாருடா.”

யாரும் கூடச் சிரிக்கவில்லை.

“கம்ப்ளைண்ட வாபஸ் வாங்கிடும்மா,” என்றார் முதல்வர். “அவன் எதிர்காலம்னு ஒண்ணு இருக்கில்ல.”

“எனக்கு இல்லியா சார்?”

முதல்வர் தனக்கொடியின் பக்கம் திரும்பினார். “மேடம், உங்க காண்ட்ராக்ட் ஜூன்ல முடியுதில்ல? இந்தப் பொண்ண வெளிய அனுப்புங்க. ஆட்டத்த ஆரம்பிக்கணும்.”

தனக்கொடி சுகந்தியின் கையைப் பிடித்துக் கயிறுவரை கொண்டுபோய் விட்டார்.

“எதிர்ப்பக்கம் போயி நில்லு.”

“வாபஸ் வாங்க மாட்டேன். யாரு சொன்னாலும் வாங்க மாட்டேன். நீங்களும் ஒரு பொம்பளதான மேடம்?”

தனக்கொடி விசிலைத் துடைத்துப் பையில் போட்டுக்கொண்டார்.

சுகந்தி எதிர்ப்பக்கம் போய்க் கூட்டத்தோடு நின்றாள். இந்த மேடம்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட வந்தவர். தையல் போடும்போது தலையைப் பிடித்துக்கொண்டவர். எல்லாம் ஒரு நாற்காலிக்கு முன்னால் ஒன்றுமில்லாமல் போய்விட்டது.

ஆட்டம் தொடங்கியது.

பந்தைத் தூக்கிக் கொடுப்பவன் அரிகரன். வலது ஓரத்தில் பெனடிக்ட் எம்பினான். பந்து இடது ஓரத்தில் இருந்த அருண் சேவியருக்குப் போயிற்று.

அடுத்த பந்தும் இடப்பக்கமே போயிற்று. அதற்கடுத்ததும்.

பெனடிக்ட் எம்பி எம்பி வெறுங்கையோடு இறங்கினான்.

“டேய் அரிகரா, அங்க ஒருத்தன் கையத் தூக்கினு நிக்கிறான்டா. அவனுக்கும் ஒண்ணு குடு!” என்று ஒரு குரல்.

“வேணாம்பா, துணி காயப் போட கம்பம் வேணும், நிக்கட்டும்!” என்று இன்னொரு குரல்.

கூட்டம் சிரித்தது. எதிரணியான பாகூர் பையன்கள் சும்மா இருப்பார்களா? எங்கே பந்து வரும் என்று தெரிந்துகொண்டு அந்தப் பக்கமே குவிந்தார்கள். முதல் செட் போய்விட்டது.

“காசு வாங்கிட்டியாடா நாயே?” பெனடிக்ட் அரிகரனின் சட்டையைப் பிடித்தான். அரிகரன் அந்தக் கையை எடுத்துவிட்டுத் தன் இடத்துக்குப் போனான். இவனுக்காவது தைரியம் இருக்கிறதே என்று சுகந்தி நினைத்துக்கொண்டாள்.

ஆள் எடுக்க வந்தவர்களில் ஒருவர் ஆட்டத்தை விட்டுவிட்டுச் செல்போனைப் பார்க்கத் தொடங்கினார்.

“அந்தப் பையன மாத்துங்க மேடம்!” முதல்வரின் குரல் இந்தப் பக்கம்வரை கேட்டது.

“மாத்திடறேன் சார்.”

அரிகரன் தலைகுனிந்து வெளியே போக, தமிழ்ச்செல்வன் உள்ளே வந்தான். பெனடிக்ட் அவன் காதில் ஏதோ சொல்லி முதுகில் தட்டினான். தமிழ்ச்செல்வன் தலையாட்டினான்.

பந்து வந்தது. தமிழ்ச்செல்வன் அழகாகத் தூக்கினான். இடப்பக்கம்.

சுகந்தி கயிற்றை இறுகப் பிடித்தாள்.

ஒருவன் செய்தால் அவன் தைரியம். இரண்டாவது ஆளும் அதையே செய்தால்?

இந்த அணியில் யாரும் தன் இஷ்டத்துக்குப் பந்து தூக்க முடியாது. பெண்கள் அணியில் அவளே தூக்கிக் கொடுத்தவள்தான். ஒவ்வொரு பந்துக்கும் முன்னால் மேடத்தின் கையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒரு விரல் என்றால் வலது. இரண்டு என்றால் இடது. மாற்றித் தூக்கினால் மைதானத்தைச் சுற்றி ஓடியே கால் வீங்கிவிடும்.

முதல்வர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.

“என்ன மேடம் நடக்குது இங்க? பெனடிக்ட்டுக்குக் குடுக்கச் சொல்லுங்க! தோத்தா நீங்கதான் பதில் சொல்லணும்!”

“கத்திக்கிட்டுத்தான் சார் இருக்கேன், கேக்க மாட்டேங்கிறானுங்க.”

மைதானத்துக்கு முதுகைக் காட்டி, முதல்வருக்கு முன்னால் பணிவாக நின்றார் தனக்கொடி. அவருடைய இடது கை மெல்ல முதுகுக்குப் பின்னால் போயிற்று.

இரண்டு விரல்கள் நீண்டன.