இருபத்தொன்றாவது வயலின்

இசைக்குழு நடத்துநரின் மனைவி அதே குழுவில் முப்பது வருடம் வயலின் வாசித்தாள். அவள் சுருதி எப்போதும் மயிரிழை இறங்கியே நிற்கும். "கொஞ்சம் ஏத்தி வாசிம்மா, எத்தன தடவ சொல்றது!" என்று எல்லார் முன்னாலும் வள்ளென்று விழுவார்.

அவள் இறந்த பிறகு, இரண்டு சுரங்களுக்கு நடுவே கிடக்கும் அந்த மயிரிழையில்தான் அவர் இசையெல்லாம் எழுதினார். உலகம் தலையில் வைத்துக் கொண்டாடியது. அவள் நாற்காலியை மட்டும் அவர் யாருக்கும் கொடுக்கவில்லை.

இன்றைய ஒத்திகையில் இருபது வயலின்களும் அவளைப் போலவே இறக்கி வாசித்தன. காலி நாற்காலியிலிருந்து இருபத்தொன்றாவது வயலின் கேட்டது. அது மட்டும் அவர் சொன்னபடியே ஏறி, சரியாக நின்றது.

"வேணாம்மா," என்றார். கையிலிருந்த கோலைத் தாழ்த்திக் காட்டினார். "நீ பழையபடியே வாசி."

சுரம் இறங்கவில்லை.