கட்டைவிரலுக்கு அடியில் கோல்கீப்பர்

அலுவலகப் பையைத் தோளிலிருந்து இறக்கக்கூட மறந்து, புது மருமகள் சோபா நுனியில் உட்கார்ந்திருக்கிறாள். பக்கத்தில் நாத்தனார். கல்யாணமான நாளிலிருந்து இருவர் பேச்சும் ‘சாப்பிட்டீங்களா’வைத் தாண்டியதில்லை, இன்றைக்கு என்னவோ இருவருக்கும் ஒரே படபடப்பு. நாத்தனார் சிறுவயதில் அண்ணனோடு சண்டை போட்டு விளையாடிய கையடக்க வீடியோ கேம் பெட்டியின் கால்பந்து, பழைய ஆட்டங்களை ஓட்டிக்காட்டும் எமுலேட்டர் செயலியின் புண்ணியத்தில் கைப்பேசிக்குள் உயிரோடு ஓடுகிறது. அன்று ஒருமுறைகூடக் கிடைக்காத கோப்பைக்கு இன்னும் ஒரே ஒரு பெனால்டிதான் பாக்கி. “ஆட்டத்தை இந்த இடத்துல சேவ் பண்ணிக்குங்களேன், தவறினா திரும்ப இங்கிருந்தே அடிக்கலாம்” என்கிறாள் மருமகள். “ஐயே, அப்படி ஜெயிச்சா எங்கண்ணன் ஆயுசுக்கும் கிண்டல் பண்ணுவான்!” பழைய பெட்டியில் பொத்தான்கள் திரைக்கு வெளியே இருந்தன, இங்கே படத்தின் மேலேயே இருக்கின்றன. அந்தரத்தில் நிற்கும் நாத்தனாரின் கட்டைவிரல் கோல்கீப்பரை முழுசாக மறைக்கிறது. “அவன் எந்தப் பக்கம் சாயறான்னே தெரியலையே!” மருமகள் சட்டென்று குனிந்து, நாத்தனாரின் மணிக்கட்டில் கன்னம் உரச, விரலுக்கு அடியில் எட்டிப் பார்க்கிறாள். மாலை வெயில் கைப்பேசிக் கண்ணாடியில் பட்டுக் கண் கூசுகிறது. சின்னஞ்சிறு கோல்கீப்பர் இடப்பக்கம் நகர்கிறான். “வலது பக்கம்! அடிடீ!” விரல் இறங்குகிறது. வலை குலுங்குகிறது. கையளவுக் கருவிக்குள்ளிருந்து ஒரு மைதானமே கரகரவென்று ஆர்ப்பரிக்கிறது. வாயிலிருந்து வந்த ‘டீ’ அப்போதுதான் உறைக்க, மருமகள் நாக்கைக் கடித்துக்கொள்கிறாள். அதற்குள் நாத்தனார் பையோடு சேர்த்து அவளை இறுகக் கட்டிக்கொண்டு குதிக்கிறாள். “அண்ணி, அண்ணன் வீட்டுக்கு வரட்டும். இனிமே நீ என் கட்சி!”