ஏழாவது காபித் தட்டு

“மாப்பிள்ளைய அந்த மர நாற்காலியில உக்கார வையிம்மா. கடிகாரத்துக்கு நேரா இருக்கணும்.”

யுவராணி இதை மூன்றாவது முறையாகச் சொன்னபோது மாரீஸ்வரிக்கு வயிற்றில் பால் வார்த்தாற்போல் இருந்தது. ஆறு மாப்பிள்ளைகளைத் தட்டிக்கழித்த மகள், ஏழாவது ஆள் உட்காரப்போகும் நாற்காலியைத் தானே துடைக்கிறாள். மனசு இறங்கிவிட்டது என்று தாய் நம்பினாள்.

இறங்கவெல்லாம் இல்லை. சுவர்க் கடிகாரத்தின் வயிற்றுக்குள் யுவராணி ஒரு குட்டிக் கேமராவை வைத்திருந்தாள். ஓவியக் கல்லூரியில் படித்தவள்தான், ஆனால் தூரிகையைத் தொட்டு நாலு வருஷம் ஆகிறது. தன்னையே நடிக்க வைத்து, அதை வீடியோ எடுத்து, கூடம் நிறைய டி.வி.க்களில் ஓடவிடுவதுதான் இப்போது அவளுடைய கலை.

அடுத்த மாதம் சென்னையில் கண்காட்சி. ஏழு டி.வி., ஏழு பெண் பார்க்கும் படலம், ஏழிலும் அதே நீலப் புடவையில் காபித் தட்டோடு அவள். வந்தவர்கள் முகத்தையெல்லாம் மங்கலாக்கிவிடுவாள்.

ஆறு முடிந்துவிட்டது. இன்றைக்குச் சொதப்பினால் ஏழாவது டி.வி. வெறும் கறுப்பாக நிற்க வேண்டியதுதான். ஏனென்றால் அம்மா, “இதோட சரி. இனி ஒரு வீட்டு ஆளையும் ராஜபாளையத்துக்கு வரச்சொல்ல எனக்கு மொகம் கெடையாது” என்று சொல்லிவிட்டாள்.

ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து கார் வந்தது. “தம்பி சூர்யபிரகாஷ். சென்னையில கம்ப்யூட்டர்ல என்னமோ டிசைன் பண்ணுதாரு” என்றார் தரகர் ஐயாதுரை. சட்டை கசங்கிவிடும் என்று பயந்தவன் மாதிரி அவன் மர நாற்காலியில் விறைப்பாக உட்கார்ந்தான்.

யுவராணி தட்டோடு வந்தாள். “செத்த வெளிச்சத்துக்கு வா தாயி” என்றாள் அவன் அம்மா. கேமராவுக்கும் அதுதான் வசதி, சந்தோஷமாக நகர்ந்தாள்.

“சமையல் தெரியுமா?” என்று அந்த அம்மாவே கேட்டாள்.

“வெந்நி வைப்பேன்.”

“ஏட்டி...” என்று பல்லைக் கடித்தாள் மாரீஸ்வரி.

அப்பா சுந்தரபாண்டியன் ஓய்வுபெற்ற போலீஸ் ஏட்டு. விலாசம் எழுதி வாங்காமல் யாரையும் நம்பமாட்டார். “வேல பாக்குற எடம், போன் நம்பரு எழுதிருங்க தம்பி” என்று நோட்டை நீட்டினார்.

“பேனா குடுங்க மாமா” என்று கை நீட்டினான் அவன். சட்டைப் பையில் தடியாக ஒரு பேனா இருக்கத்தான் செய்தது. சரியான கஞ்சன் என்று யுவராணி முடிவு கட்டினாள்.

பிறகு அவன் தனியாகப் பேச வேண்டும் என்றான். பின்வாசலில் வைத்து, ஆறு பேரிடமும் சொன்ன அதே வசனத்தை ஒப்பித்தாள்.

“தப்பா நெனைக்காதிய. எனக்கு இப்பக் கல்யாணத்துல இஷ்டமில்ல. பிடிக்கலன்னு நீங்களே சொல்லிருங்க.”

அந்த ஆறு பேருக்கும் முகம் செத்துப்போனது. இவன் சிரித்தான்.

“நானும் அதச் சொல்லத்தான் கூப்பிட்டேன். எனக்கு இது பதினோராவது வீடு.”

வேண்டாம் என்று சொல்லப்போகிறவளுக்கும், தன்னை ஒருவன் முந்திக்கொண்டு வேண்டாம் என்றால் சுருக்கென்றுதான் இருக்கிறது. அவள் முறைத்தாள்.

“ஒங்க வீட்டுக் கடிகாரம் பத்து பத்துலயே நிக்குது. இப்ப மணி சாயந்தரம் அஞ்சு” என்றான் அவன் மெதுவாக. “ஏட்டு மாமா கண்ணுல இது எப்படிப் படாமப் போச்சு?”

கேமராவுக்கு இடம் வேண்டிக் கடிகாரத்தின் எந்திரத்தைக் கழற்றியது யுவராணியேதான். அப்பாவுக்குத் தெரிந்தால் கேமரா தூளாகும், ஏழு டி.வி.யும் இருண்டுவிடும்.

“அப்பாட்ட சொல்லிராதிய.”

அவன் தன் சட்டைப் பையைத் தொட்டுக்கொண்டான்.

“கடிகாரத்துல எடுத்தத நீங்க எனக்கு அனுப்புங்க, பேனாவுல எடுத்தத நான் ஒங்களுக்கு அனுப்புதேன்.”