பூட்ஸுக்கு அடியில்

முதல் வெட்டு கழுத்தில் விழவில்லை. நடு உடம்பில் விழுந்தது.

பாம்பு சுருண்டெழுந்து மண்வாரியின் இரும்பையே கடித்தது. பல் உரசிய அதிர்வு கைப்பிடி வழியாக ஆர்லோவின் உள்ளங்கைவரை வந்தது.

"செத்துத் தொலை, சனியனே!"

இரண்டாவது வெட்டில் தலை தனியாகப் போனது. தனியாகப் போன பிறகும் அது வாயைப் பிளந்து பிளந்து மூடியது. குதிகாலால் சேற்றுக்குள் மிதித்தான். கண் மறையும்வரை மிதித்தான்.

இப்போதுதான் வால்நுனியில் இருந்த கிலுகிலுப்பை அடித்தது. உயிரோடு இருந்தபோது ஒரு சத்தம் இல்லை. இந்தச் சதுப்புப் பாம்பின் குணமே அதுதான். ஆள் வந்தால் ஓடாது, கிலுக்காது; கோரையோடு கோரையாகப் பதுங்கிக் கிடக்கும். மிச்சிகன் மாநிலம் முழுக்க அதை வெட்டித் தீர்ப்பது அதனால்தான் இவ்வளவு சுலபமாக இருந்தது.

ஆர்லோவுக்குப் பாம்பின் மேல் பகை ஒன்றும் கிடையாது. அவனுக்கு வேண்டியது ஒரு வாய்க்கால்.

ஒவ்வொரு வசந்தத்திலும் இந்தக் கோரைக்காட்டிலிருந்து தண்ணீர் ஏறி, சோளத்தின் வேரை அழுகவைத்தது. வாய்க்கால் வெட்டி வடித்துவிட்டால் பிழைத்தான். ஆனால் இங்கே அந்தப் பாம்பு ஒன்றே ஒன்று கண்ணில் பட்டாலும், அழிந்துவரும் இனம் என்று சட்டப்படி ஒரு கைப்பிடி மண்கூட எடுக்க முடியாது.

பாம்பு இருக்கிறதா என்று தேடிப் பார்க்க வனவிலங்குத் துறை அனுப்பியவள் மார்னி. மரியாதை தெரிந்த பெண். அடுத்தவர் நிலத்தில் கேட்காமல் கால் வைப்பது இந்தப் பக்கத்தில் வழக்கமில்லை. அதனால் வருவதற்கு முந்தின சாயங்காலமே ஃபோன் செய்து அனுமதி கேட்பாள். ஆர்லோவும் தாராளமாகக் கொடுப்பான். விடிந்ததும் அவளுக்கு முன்னால் மண்வாரியோடு இங்கே வந்து நிற்பான்.

மூன்று கோடையாக அவள் கண்ணில் ஒரு பாம்பும் படவில்லை.

இந்தக் கோடைக்கு இன்னும் ஃபோன் வரவில்லை. வருவதற்குள் முடித்துவிட வேண்டும் என்றுதான் இன்றைக்கு வந்தான்.

குனிந்து வாலைப் பிடிக்கப் போனவன் கையை இழுத்துக்கொண்டான்.

வெட்டுப்பட்ட வயிறு அசைந்தது. ஈரமான மெல்லிய பை ஒன்று பிதுங்கி வெளியே வந்து கிழிந்தது. உள்ளிருந்து விரல் நீளத்துக்குச் சற்று அதிகமாக ஒன்று தலையைத் தூக்கிப் பார்த்தது. அதன் பின்னால் இன்னொன்று.

ஆர்லோ அடித்தான். சேறும் ரத்தமும் முகத்தில் தெறிக்கத் தெறிக்க அடித்தான். சில நசுங்கின. சில இரும்புக்கு இடையில் வழுக்கிக் கோரைக்குள் நழுவின.

"ஆர்லோ! அங்கயா இருக்கீங்க?"

மார்னியின் குரல், பத்தடி தூரத்தில்.

மண்வாரியைச் சேற்றில் ஆழமாகக் குத்தினான். தாயின் உடம்பை, நசுங்கியவற்றோடு சேர்த்து, வலது பூட்ஸால் அழுத்தி, சேறு மூடும்வரை இறக்கினான். முகத்தைச் சட்டைக் கையில் துடைத்தான். காலை மட்டும் எடுக்கவில்லை.

கோரையை விலக்கிக்கொண்டு அவள் வந்தாள். வழக்கமான முழங்கால் பூட்ஸ் இல்லை, கான்வாஸ் ஷூ. கண் சிவந்திருந்தது.

"ஃபோன் பண்ணாம வந்துட்டேன், கோவிச்சுக்காதீங்க. தேட வரல, சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன். இங்க பாம்பே இல்லன்னு முடிவாயிடுச்சு. உங்க வாய்க்காலை நீங்க வெட்டிக்கலாம்."

ஆர்லோ வலது காலை இன்னும் அழுத்தி ஊன்றினான். ஏதாவது பேசியாக வேண்டுமே என்று, எப்போதும் போலக் கிண்டலடித்தான்.

"அப்போ பாம்பம்மாவுக்கு வேலை போச்சா?"

"போச்சு போங்க. இனிமே எங்கயாவது தவளைக்குப் பாட்டு சொல்லிக் கொடுக்க வேண்டியதுதான்."

சிரித்துக்கொண்டே கைகுலுக்க முன்னால் வந்தாள்.

அவள் கணுக்காலுக்கு அருகே, பிறந்த ஈரம் காயாமல், ஒரு குட்டி சுருண்டு தலையைப் பின்னுக்கு இழுத்து நின்றது. வாலில் கிலுகிலுப்பையின் ஒரே ஒரு மணி. ஒற்றை மணி ஒலிக்காது. விஷம் மட்டும் தாய்க்குக் குறைந்ததில்லை.

அவள் அதைப் பார்க்கவில்லை. ஆர்லோ வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். வாய்க்கால் வந்தாயிற்று.

"நகராத! காலுகிட்ட!"

அவன் கத்திவிட்டிருந்தான்.

மார்னி அந்தரத்தில் நின்ற காலை அப்படியே பின்னால் வைத்தாள். குனிந்து பார்த்தாள். இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"குட்டி! ஐயோ ஆர்லோ, குட்டி! அதோ அங்க ஒண்ணு!"

குட்டியை விட்டுச் சுற்றிக்கொண்டு வந்து அவனை இறுகக் கட்டிக்கொண்டாள். அவன் சட்டையில் இருந்த சேறு அவள் கன்னத்தில் ஒட்டியது.

"இனி உங்க வாய்க்கால் அவ்வளவுதான்னு தெரியும்ல? தெரிஞ்சும் கத்தினீங்களே! எவன் செய்வான்?"



கண்ணைத் துடைத்துக்கொண்டு, அவன் பக்கத்திலேயே ஈரக்கோரையில் அவள் சத்தமில்லாமல் உட்கார்ந்தாள். சுற்றிலும் பார்வையை ஓடவிட்டாள்.

"தாய் ரொம்ப தூரம் போயிருக்காது. முதல் தோல் உரியுற வரைக்கும் குட்டிங்களை விட்டுப் போகவே போகாது. நீங்களும் உட்காருங்க. அசையாம இருந்தா வந்துரும்."

ஆர்லோ உட்காரவில்லை.

அவன் வலது பூட்ஸுக்கு அடியில் அது இன்னும் நெளிந்துகொண்டிருந்தது.