முப்பது டிகிரி

பெயின்ட்டர் கோர்ட்டில் பொய் சொல்கிறான் என்று கேள்விப்பட்டதும் டாக்டரம்மாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

சரியாகச் சொன்னால் அவள் பிசியோதெரபிஸ்ட். அவளிடம் காலையும் கையையும் ஒப்படைத்தவர்களுக்குத்தான் டாக்டரம்மா. முதுகுக்குப் பின்னால் ஆஸ்பத்திரி முழுக்க அவளுக்குப் பெயர் மிளகாய்.

விஷயத்தைச் சொன்னவர் ரெக்கார்ட் ரூம் கிளார்க். லாரி மோதி இடது முட்டி நொறுங்கிப்போன அந்த பெயின்ட்டர், முட்டி மடங்கவே மாட்டேன் என்கிறது, ஏணி ஏற முடியவில்லை என்று நஷ்டஈடு கேட்டு நிற்கிறானாம்.

"கோர்ட் வாசல்படியை மிதிச்சா எல்லா முட்டியும் விறைச்சுக்கும் மேடம்" என்று சிரித்தார் கிளார்க்.

அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. ஐந்து மாதம் அந்த முட்டியோடு மல்லுக்கட்டியவள் அவள். இரண்டு மாதமாக ஆள் ஏன் பயிற்சிக்கு வரவில்லை என்று இப்போதுதான் புரிந்தது. விலாசத்தை வாங்கிக்கொண்டு, டியூட்டி முடிந்த கையோடு கிளம்பிவிட்டாள்.

மாடியில் ஒற்றை அறை. பெயின்ட்டரின் மனைவி கதவைத் திறந்தாள். அறை நிறைய அவள் கூலிக்கு மடிக்கும் அட்டைப் பெட்டிகள். அவன் நாற்காலியில் இருந்தான், இடது கால் எதிரே முக்காலிமேல் நீட்டிக் கிடந்தது. எழுந்திருக்கப் பார்த்தவனை உட்காரச் சொல்லிவிட்டு ஆரம்பித்தாள்.

"உங்க காலைத் தூக்கிப் பிடிச்சுப் பிடிச்சு என் இடுப்பு விட்டுப்போச்சு. பணம் வரும்னா கால்கூட வேண்டாமா உங்களுக்கு? இப்படிப் பொய் சொல்ல வெட்கமா இல்ல?"

அவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அது அவளை இன்னும் கிளப்பிவிட்டது. உங்களை மாதிரி நாலு பேரால்தான் நிஜமாகவே அடிபட்டவனை எவனும் நம்புவதில்லை என்றாள். இன்னும் என்னென்னவோ சொன்னாள். கடைசியில், மடக்குங்கள் பார்க்கலாம் என்றாள்.

மடக்கினான். பாதியிலேயே முகம் கோணியது. அவள் கையை வைத்து அழுத்திப் பார்த்தாள். நடிக்கிற காலில் தசை முரண்டு பிடிக்கும். இதில் அது இல்லை. எலும்பே நகரவில்லை.

"பயிற்சியை விட்டா துருப்பிடிக்கத்தான் செய்யும்" என்றாள், விட்டுக்கொடுக்காமல். "ஏன் வரல?"

மனைவி கையிலிருந்த பெட்டியைக் கீழே போட்டாள். "அதை என்கிட்ட கேளுங்க."

"நீ சும்மா இரு" என்றான் அவன்.

"ரெண்டு மாசமா சும்மாதானே இருக்கேன்."

கோர்ட்டில் நடந்ததை அவள் மடமடவென்று கொட்டினாள். இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் ஆஸ்பத்திரி நோட்டிலிருந்து ஒரு வரியைப் படித்தாராம். முட்டி தொண்ணூறு டிகிரி மடங்குகிறது, தாராளமாக ஏணி ஏறலாம். படித்துவிட்டு, எல்லார் எதிரிலும் மடக்கச் சொன்னாராம். அறுபதைத் தாண்டவில்லை. பார்த்தீர்களா நடிப்பை என்று கையைத் தட்டினாராம். அத்தோடு இவர்கள் பக்க வக்கீல், தீர்ப்பு வரும்வரை அந்த ஆஸ்பத்திரிப் பக்கமே போகாதே, இன்னும் என்ன எழுதி வைப்பார்களோ என்று தடுத்துவிட்டாராம். அடுத்த வாரம் தீர்ப்பு.

டாக்டரம்மா அந்த முட்டியின் மேலிருந்து கையை எடுத்துக்கொண்டாள்.

அந்த வரி அவள் எழுதியது. அன்றைக்கு அளந்தபோது கருவி காட்டியது அறுபதுதான். இனி தேறமாட்டேன் என்று அவன் உடைந்து அழுத நாள் அது. தொண்ணூறு என்று எழுதி அவன் கண்முன்னால் நீட்டினாள். விபத்துக்குப் பிறகு அன்றுதான் அவன் சிரித்தான். அவள் எல்லாருக்கும் அப்படிக் கூட்டித்தான் எழுதுவாள். முதுகில் தட்டிக்கொடுக்கிற மாதிரி. அந்த நோட்டு கோர்ட்வரைக்கும் போகும் என்று அவள் ஒருநாளும் நினைத்ததில்லை.

"அந்தத் தொண்ணூறு..." என்று இழுத்தாள்.

"தெரியும்" என்றாள் மனைவி. "கருவியில அறுபதுதான் காட்டுச்சு, நான் மனசு விட்டுடக் கூடாதுன்னு அந்தம்மா முப்பது சேர்த்துப் போட்டிருக்காங்கன்னு அன்னிக்கே வந்து சொன்னாரு. மூணு தடவ சொன்னாரு."

"அதைக் கோர்ட்ல சொல்லியிருக்கலாமே!"

"ஜட்ஜ் அதையேதான் கேட்டாரு. ஆஸ்பத்திரியில பொய்யா எழுதிட்டாங்கன்னு சொல்றீங்களான்னு. ஆமான்னு ஒரு வார்த்தை போதும், எங்க பொழப்பு நிமிர்ந்திருக்கும்." அவள் புருஷனைத் திரும்பிப் பார்த்த பார்வையில் அத்தனை கோபம். "உங்க வேலைக்கு ஏதாவது ஆயிடுமாம். 'அவங்க பொய் எழுதறவங்க இல்லீங்க ஐயா'ன்னு சொல்லிட்டு வந்துட்டாரு இந்த மனுஷன்."