கோப்பைக்குள் கேட்ட சத்தம்

கால்ஃப் மைதானத்து வாசலில் கொடிக்கம்பு கரும்பந்தை மட்டும் மறித்தது. "இந்தப் புல்லில் வெள்ளைதான் உருளலாம். நீ வெளியே பயிற்சித் திடலோட நின்னுக்கோ, ராசா."

"அண்ணே, நீ ஒரு வார்த்தை சொல்லேன்," என்றது கரும்பந்து, வெள்ளைப் பந்தைப் பார்த்து.

இரண்டும் ஒரே பையில் கிடப்பவை. பயிற்சியில் தினமும் ஜெயிப்பது கரும்பந்துதான். வாயைத் திறந்தால் தன்னையும் வெளியே தள்ளிவிடுவார்களோ என்று வெள்ளைப் பந்துக்குப் பயம். வாயில் கொழுக்கட்டையை அடைத்த மாதிரி, பேசாமல் உள்ளே உருண்டு போய்விட்டது.

அன்றைக்கு நடந்த போட்டியில் வெள்ளைப் பந்துதான் ஜெயித்தது. ஜெயித்த பந்தை அறையிலிருக்கும் வெற்றிக் கோப்பைக்குள் வைப்பது அங்கே வழக்கம்.

"எத்தனை நாட்டுப் பந்துங்க வந்துச்சு! உன்னை ஜெயிக்க உலகத்துலயே ஆள் இல்லையாமே?" என்றது கோப்பை.

அப்போது ஜன்னலுக்கு வெளியே, பயிற்சித் திடலில், 'டொக்' என்று சத்தம். கரும்பந்து ஒரே அடியில் குழிக்குள் விழும் சத்தம்.

"அது யாரு?"

வெள்ளைப் பந்து யார் கண்ணிலும் படாமலிருக்கக் கோப்பையின் அடிக்கு உருண்டு போய் ஒடுங்கியது. அங்கேதான் அந்தச் சத்தம் இன்னும் பலமாகக் கேட்டது.